பதினேழாம் மேசைக்காரி

கனடாவில், மார்க்கம் நகரத்தில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு முன்னால், மஞ்சள் அங்கி போட்டுக்கொண்டு, ஸ்ரொப் பலகையைத் தூக்கிப் பிடித்து, கார்களை மறித்துப் பிள்ளைகளைக் கடக்க விடுகிற நாகேஸ்வரி ஒரு சினிமா நடிகை என்று சொன்னால் நம்புவீர்களா? மாட்டீர்கள். கூடப்பிறந்த தமையன் பாக்கியராசாவே நம்பவில்லை. "இவள் நடிகையெண்டால் நான் இந்த நாட்டின்ர பிரதமர்" என்று சொல்லி, தேத்தண்ணி புரையேறுமட்டும் சிரித்தார்.

சிரிக்கட்டும். நாகேஸ்வரி நடித்தது மூன்று படம். மூன்றையும் பார்த்த சனத்தை ஒன்றாய்ச் சேர்த்தாலும் ஒரு பஸ் நிரம்பாது, அது வேறு கதை. பாட்டு இல்லை, சண்டை இல்லை, கதாநாயகன் என்று ஒருவன் மருந்துக்கும் இல்லை. முதல் படத்தில், ஒரு காரும் வராத தெருவில் பலகையைப் பிடித்தபடி நிற்பார். இரண்டாவதில் உடுப்புத் தோய்க்கிற கடையில் ஒரு மெசினோடு வாக்குவாதப்படுவார். மூன்றாவதுதான் 'பதினேழாம் மேசை'. வினை முழுக்க அந்த மூன்றாவதால்தான் வந்தது.

அவரை நடிக்க வைத்தவன் வினோதன். முப்பது தாண்டிய பெடியன். சனி, ஞாயிறில் கலியாண வீடு, பெண்பிள்ளை பெரியவளாகிற சாமத்திய வீடு என்று காசுக்கு வீடியோ எடுப்பான். மற்ற நாட்களில் அந்தக் கலியாண வீட்டுச் சனத்தைத் திருத்துவதற்குப் படம் எடுப்பான். ஆடம்பரம், சாதி, சீதனம், ஹெலிகொப்டரில் வந்து இறங்குகிற சாமத்தியப் பிள்ளை, எல்லாவற்றிலும் அவனுக்குக் கோபம். "உன்ர கமெராவை வாங்கித் தந்ததும் அந்த ஹெலிகொப்டர்தானே தம்பி" என்று நாகேஸ்வரி ஒருநாள் சொல்லிக்காட்டினார். "அன்ரி, நீங்கள் என்ர பக்கமோ, அவையின்ர பக்கமோ?" என்று அவன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான்.

அவன் நாகேஸ்வரியைக் கண்டுபிடித்த விதத்தைக் கேட்டால் சிரிப்பு வரும். யாரோ ஒருவரின் கலியாண வீடியோவை எடிற் பண்ணிக்கொண்டிருந்தபோது, கேக் வெட்டுகிற சோடிக்குப் பின்னால், மூலைக் கதிரையில் ஒரு மனுசி வடை சாப்பிட்டுக்கொண்டிருந்ததைக் கண்டிருக்கிறான். எதையோ நினைத்துத் தனக்குள் சிரித்து, பக்கத்துக் கதிரைப் பக்கம் திரும்பி, அங்கே ஒருவரும் இல்லை என்று கண்டு, திரும்பவும் வடையைக் கடித்த மனுசி. வினோதன் அந்தத் துண்டைப் போட்டுப் போட்டுப் பார்த்தான். பிறகு விசாரித்துக்கொண்டு நேரே பள்ளிக்கூட வாசலுக்கே வந்துவிட்டான்.

"அன்ரி, நீங்கள் வடை சாப்பிட்ட மாதிரி ஒருத்தராலயும் நடிக்கேலாது."

"தம்பிக்குச் சுகமில்லையோ?" என்று கேட்டார் நாகேஸ்வரி.

ஆனால் அன்று பின்னேரம் வீட்டுக்குப் போய் அவன் சொன்னதை யோசித்துப் பார்த்தார். அந்தப் பக்கத்துக் கதிரை குலசிங்கத்தின் கதிரை. அவருடைய புருசன். வாசலில் ஸ்னோ வழித்துக்கொண்டிருந்த மனுசன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நிலத்தில் இருந்தவர், எழும்பவே இல்லை. அதற்குப் பிறகு நாகேஸ்வரியை ஆராவது ஆறுதலாய்ப் பார்த்தார்கள் என்றில்லை. தெருவில் எல்லாரும் பலகையைப் பார்த்தார்கள். கலியாண வீட்டில் வெறும் நெற்றியைப் பார்த்துவிட்டு அங்கால் திரும்பினார்கள். ஒரு விசர்ப் பெடியன் வந்து, உங்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன் என்கிறான். உண்மையைச் சொன்னால், நாகேஸ்வரிக்கு அது பிடித்திருந்தது. சரியாய்ப் பிடித்திருந்தது.

'பதினேழாம் மேசை' ஒரு மனுசியின் கதை. அவள் ஒவ்வொரு சனிக்கிழமையும், யாரென்றே தெரியாத ஆட்களின் கலியாண வீட்டுக்குப் போய்ப் பதினேழாம் மேசையில் இருப்பாள். சாப்பிடுவாள், அறுகரிசி போட்டு வாழ்த்துவாள், போய்விடுவாள். ஆராவது "உங்கட அவர் வரேல்லையோ?" என்று கேட்டால், "அவர் கார் பார்க் பண்ணப் போட்டார்" என்பாள். படம் முடியுமட்டும் அந்த மனுசன் பார்க் பண்ணிக்கொண்டே இருப்பான்.

இதற்கு மண்டபம் எடுக்க, அறுநூறு பேரைச் சேலையும் வேட்டியும் கட்டி இருத்த, வினோதன் எங்கே போவான்? போகத் தேவையில்லை. கிழமைக்குக் கிழமை சனம் தானாகவே மண்டபம் எடுத்து, பட்டுக் கட்டி, வந்து இருக்கிறது. அவன் ஒரு கமெராவால் பொம்பிளை மாப்பிள்ளையை எடுப்பான், மற்றக் கமெராவால் மூலையில் இருக்கிற நாகேஸ்வரியை எடுப்பான். "ஆரிட்டையாவது கேக்க வேண்டாமே தம்பி?" என்றதற்கு, "கேட்டால் அது படம் இல்லை அன்ரி, விண்ணப்பம்" என்றான். ஒருவரும் சந்தேகப்படவும் இல்லை. எப்படிப் படுவார்கள்? தமிழ்க் கலியாணத்தில், தெரியாத முகத்தைக் கண்டால் பொம்பிளை வீட்டார் அது மாப்பிள்ளை பகுதி என்பார்கள். மாப்பிள்ளை வீட்டார் அது பொம்பிளை பகுதி என்பார்கள். இரண்டு பகுதியும் நாகேஸ்வரியைக் கண்டு பல்லைக் காட்டிச் சிரித்து, "சாப்பிட்டியளோ?" என்று கேட்டுவிட்டுப் போனது.

ஒரு விசயத்தில்தான் அவர் மறுத்தார். படத்து மனுசி சுமங்கலி. பொட்டு வேண்டும், கழுத்தில் தாலிக்கொடி வேண்டும்.

"எனக்கு ஏலாது தம்பி. அது பாவம்."

"கவரிங் கொடிதானே அன்ரி."

"கொடி கவரிங், கழுத்து கவரிங்கோ?"

பிறகு நாகேஸ்வரி தானாகவே ஒரு வழி கண்டுபிடித்தார். போடுவது தான் இல்லை, அந்தப் பதினேழாம் மேசைக்காரி. அவளுக்குப் புருசன் உயிரோடு பார்க்கிங்கில் நிற்கிறான். அவள் போட்டால் என்ன பிழை? இப்படித் தனக்குத்தானே நியாயம் சொல்லிக்கொண்டு, மண்டபத்து வோஷ்ரூம் கண்ணாடிக்கு முன்னால் பொட்டை வைத்தார். வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். வடிவாய்த்தான் இருந்தது.

அப்படி ஒரு மாசி மாதச் சனிக்கிழமை, ஸ்காபரோவில் ஒரு மண்டபம். வெளியே ஸ்னோ கொட்டோ கொட்டென்று கொட்டியது. பொம்பிளை லக்சிகா. அவளுடைய தாய் பேபி, கலியாணத்தைத் தானே கட்டுகிற மாதிரி மண்டபம் முழுக்க ஓடிக்கொண்டிருந்தார். தாலி கட்டி, அறுகரிசி போட்டு, ஆராத்தி எடுக்கிற நேரம் வந்தது. அந்தத் தட்டைப் பிடிக்க இரண்டு சுமங்கலிகள் வேண்டும். ஒருத்தி ஆயத்தம். மற்றவ, பேபியின் ஒன்றுவிட்ட தங்கச்சி, அஜக்ஸ் ஊரிலிருந்து வருகிறவ, நானூற்றியொன்று ஹைவேயில் விபத்து என்று காருக்குள் அகப்பட்டுப்போனா. ஐயர் மணிக்கூட்டைப் பார்த்தார். பேபி மண்டபத்தைப் பார்த்தார். பதினேழாம் மேசையில் நல்ல பட்டுச் சேலை, பெரிய பொட்டு, தடித்த கொடி.

"அக்கா, மாப்பிள்ளை பகுதிதானே? கெதியா வாங்கோ, ஆராத்தி எடுக்க ஆளில்லை!"

"ஐயோ, நான் இல்லை, வேற ஆரையும்..."

"வெக்கப்படுற நேரமே இது!" பேபி கையைப் பிடித்து இழுத்தே விட்டார்.

நாகேஸ்வரி என்னத்தைச் சொல்வார்? நான் புருசனை இழந்தவள் என்று மணவறைக்கு முன்னால் சொன்னால், அதைவிட அபசகுனம் வேறு இல்லை. நான் நடிக்கிறேன் என்று சொன்னால், வினோதனின் பிழைப்பில் மண். கமெராவுக்குப் பின்னால் நின்ற அவனைப் பார்த்தார். அவனோ கண் பிதுங்கிப் போய், ஆனால் கையை மட்டும் ஆட்டாமல் எடுத்துக்கொண்டிருந்தான். படுபாவி.

தட்டைக் கையில் வைத்தார்கள். மூன்று வாழைப்பழத் துண்டு, மூன்றிலும் திரி, நெருப்பு. சுற்றினார். முன்னால் இரண்டு இளம் முகங்கள், நெருப்பு வெளிச்சத்தில். குலசிங்கம் போன பிறகு நாகேஸ்வரி ஆராத்தித் தட்டைத் தொட்டது அதுதான் முதல் தடவை. முன்பெல்லாம் சொந்தத்துக்குள் எந்தக் கலியாணம் என்றாலும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். உயரம் அளவு, கை நடுங்காது என்பார்கள். கை இப்போதும் நடுங்கவில்லை.

வினோதன் நாகேஸ்வரியின் அந்த முகத்தைத்தான் படத்தின் கடைசிக் காட்சியாக வைத்தான்.

அன்றிலிருந்து நாகேஸ்வரிக்கு நிம்மதி இல்லை. அந்தப் பிள்ளைகளுக்கு ஒன்று நடந்தால்? வினோதனைக் காணும்போதெல்லாம் முதல் கேள்வி அதுதான். "அந்தச் சோடி சுகமாய் இருக்கினமோ?" அவன் போனில் அவர்களின் படங்களைத் தேடிக் காட்டுவான். கடற்கரையில் நிற்கிற படம், புது வீட்டுத் திறப்போடு நிற்கிற படம். பிறகு ஒருநாள், "பிள்ளை பிறந்திருக்கு அன்ரி" என்றான்.

"கைகால் எல்லாம் சுகமோ?"

"அன்ரி! ஆராத்தி எடுத்தது பதினேழாம் மேசைக்காரி. அவவின்ர புருசன் பார்க்கிங்கில நல்ல சுகமாய் நிக்கிறார். நீங்கள் ஏன் பயப்பிடுறியள்?"

அவன் பகிடிக்குச் சொன்னான். நாகேஸ்வரி அதைப் பகிடியாய் எடுக்கவில்லை. வீட்டுக்கு வருகிற வழி முழுக்க யோசித்தார். நடிப்பில் சொன்ன பொய் பொய்யில்லை என்றால், நடிப்பில் எடுத்த ஆராத்தி ஆராத்தியோ? அந்தப் பிள்ளைகள் வாழ்வது யாருடைய கையால்?

படம் இங்கே ஒரு நிலவறை அரங்கில் ஒருதரம் ஓடியது. பிறகு பஃபலோவில், பெரிய கொம்பனிகளின் படமே வேண்டாம் என்கிற ஆட்கள் நடத்துகிற ஒரு சின்ன விழாவுக்குத் தெரிவாகியது. அமெரிக்க எல்லைப் போடரில் அதிகாரி எதற்குப் போகிறீர்கள் என்று கேட்க, "நடிகை" என்று வினோதன் நாகேஸ்வரியைக் காட்டினான். அதிகாரி குனிந்து ஒருதரம் பார்த்தார். நாகேஸ்வரி சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டார்.

விழா நடந்தது கைவிட்ட ஒரு களஞ்சியத்தில். இருக்கிறதுக்குப் பழைய சோபாக்கள். வந்திருந்த வெள்ளைப் பெடி பெட்டைகளுக்கு மூக்கிலும் புருவத்திலும் வளையம், கழுத்து முழுக்கப் பச்சை குத்து. நாகேஸ்வரிக்கு முதலில் பயமாய் இருந்தது. ஆனால் படம் ஓடும்போது ஒரு குஞ்சும் கதைக்கவில்லை, ஒருவரும் எழும்பிப் போகவில்லை. முடிந்த பிறகு நீலத் தலைமயிர்ப் பெட்டை ஒன்று அழுத கண்ணோடு வந்து, அந்தக் கடைசிக் காட்சியில் நீங்கள் என்ன நினைத்தீர்கள் என்று கேட்டது. நாகேஸ்வரி கொஞ்சம் யோசித்து, உள்ளதைச் சொன்னார்.

"இடப்பக்கத்துத் திரி விழப்போகுதெண்டு நினைச்சன்."

வினோதன் அதை இங்கிலீசில் சொல்ல, களஞ்சியமே கை தட்டியது. ஏன் தட்டுகிறார்கள் என்று அவருக்கு விளங்கவில்லை. ஆனாலும் திரும்பி வரும்போது காரில் வாய்க்குள் பாடிக்கொண்டு வந்தார்.

இதற்கிடையில் வீட்டில் ஒரு கலியாணம் வந்தது. மகள் சஜிதாவுக்கும் நிரூபன் என்கிற றிச்மண்ட் ஹில் பெடியனுக்கும். நல்ல பிள்ளை, நல்ல இடம். தாரை வார்த்துக் கொடுக்கிறது தமையன் பாக்கியராசாவும் அவர் மனுசி மச்சாளும் என்று நாகேஸ்வரி முதல் நாளே சொல்லிவிட்டார். ஆராத்திக்கும் மச்சாளும் இன்னொரு சுமங்கலியும்.

"அம்மா, நீங்கள் எங்க நிப்பீங்கள்?" என்று சஜிதா கேட்டாள்.

"நான் சாப்பாட்டுப் பக்கம் பாக்கிறன்."

"சீரியஸ்லி? கேற்றரிங் இருக்கு அம்மா. நீங்கள்தான் என்னை வளர்த்தது. நீங்கள் ஆராத்தி எடுக்கோணும். ஐ டோன்ற் கெயார் ஆர் என்ன சொல்லினம் எண்டு."

"உனக்கு ஒண்டு நடந்தால் நான் உயிரோட இருப்பனோ? விசர்க்கதை கதையாதை."

"படத்தில ஆருக்கோ எடுத்தனீங்கள்!"

"அது நான் இல்லை!"

சஜிதா கதவை அடித்துச் சாத்திக்கொண்டு போனாள். பிறகு இரண்டு பேரும் கதைத்தார்கள்தான், பூவைப் பற்றி, மெனுவைப் பற்றி, மேசை இலக்கங்களைப் பற்றி. இதைப் பற்றி மட்டும் இல்லை. ஆரும் நாகேஸ்வரியை ஒதுக்கி வைக்கவில்லை, அதைச் சொல்லத்தான் வேண்டும். ரொறொன்ரோவில் உதையெல்லாம் இப்ப ஆர் பாக்கினம் என்று எல்லாரும் சொல்வார்கள். சொல்லிவிட்டு, ஆராத்தி நேரம் வந்தால் கழுத்தைத்தான் பார்ப்பார்கள். நாகேஸ்வரியும் அந்த எல்லாரிலும் ஒருத்திதான். தன் நெற்றிக்குத் தானே பயந்தார்.

கலியாணத்துக்கு இன்னும் மூன்று கிழமை இருக்கும்போது, ஒரு ஞாயிறு பின்னேரம், கதவில் மணி அடித்தது. திறந்தால் பேபி. லக்சிகாவின் தாய் பேபியேதான். கையில் ஒரு பை நிறையப் பழம்.

சரி, குட்டு உடைந்தது. கடைசியில் அந்தப் பிள்ளைகளுக்கு என்னவோ நடந்துவிட்டது என்று நினைத்தார் நாகேஸ்வரி.

"அக்கா, உங்களை எங்கயெல்லாம் தேடினன்!" என்றபடி பேபி சப்பாத்தைக் கழற்றினார். நடந்தது இதுதான். ஆரோ வாட்ஸ்அப்பில் ஒரு படத்துண்டு அனுப்பியிருக்கிறார்கள், ரொறொன்ரோத் தமிழ் மனுசி அமெரிக்காவில் கை தட்டு வாங்கின படம் என்று. பேபிக்குப் படமும் விளங்கவில்லை, கை தட்டும் விளங்கவில்லை. ஆனால் தட்டுக்கு முன்னால் தெரிந்த பொம்பிளையின் பிளவுஸ் கையின் வேலைப்பாடு விளங்கியது. மகளுக்காகத் தானே சென்னைக்குப் போய் இருந்து தைப்பித்த பிளவுஸ் அல்லவா. உடனே வினோதனுக்குப் போன் அடித்தார். அவன், வழக்கு வரப்போகிறது என்று நடுங்கி, தலை தப்பினால் போதுமென்று நாகேஸ்வரியின் விலாசத்தைக் கொடுத்துவிட்டான். ஊரைத் திருத்த வந்தவனின் வீரம் அவ்வளவுதான்.

"பேபி, நான் உங்களிட்டை மன்னிப்புக் கேக்கோணும்..."

"என்னத்துக்கு? இருங்கோ, நான் சொல்லுறன். லக்சிகாவுக்கு நீங்கள் எடுத்தியள். இண்டைக்குப் பாருங்கோ, கையில ஒண்டு, வயித்தில ஒண்டு, ஒரு சண்டை சச்சரவில்லை. ரெண்டாவது மகள் அட்சயாவுக்கு, என்ர தங்கச்சியும் ஐயரின்ர மனுசியும் எடுத்தவை. நல்ல சுமங்கலியள், ஒரு குறை சொல்லேலாது. ஒரு வருசம் தாங்கேல்லை அக்கா. பிள்ளை பெட்டியோட வந்து நிக்கிறாள்." பேபி சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். "இப்ப மகன் நிதுசனுக்கு. உங்கட கை ராசியான கை. நீங்கள் வந்து எடுத்துத் தரோணும். காலில விழுந்து கேக்கிறன்."

பேபியின் கண் அப்போதுதான் நாகேஸ்வரியின் நெற்றிக்கு வந்தது, அங்கே திருநீறு மட்டும். கழுத்துக்கு வந்தது, அங்கே ஒரு மெல்லிய சங்கிலி. பிறகு சுவருக்குப் போனது. சுவரில் குலசிங்கம், மாலையோடு.

"இவர் எப்ப...?"

"பதினொரு வருசமாச்சுது."

பேபி விரல் மடித்துக் கணக்குப் பார்த்தார். லக்சிகாவின் கலியாணத்துக்கு முன்னால்தான். முகம் வெளிறி, பிறகு சிவந்தது.

"அடப்பாவி மனுசி! என்ர பிள்ளையின்ர கலியாணத்தில... தெரிஞ்சுகொண்டே...!"

"ஓம். தெரிஞ்சுகொண்டுதான். நீங்கள் இழுத்தியள், நான் வாய் திறக்கேல்லை. அண்டைக்குத் துவங்கின பயம், இண்டைக்கும் விடேல்லை. என்ன வேணுமெண்டாலும் பேசுங்கோ."

பேபி பேசினார். நன்றாய்த்தான் பேசினார். கோதாரி, நாசம், கூத்தாடி, ஒன்றையும் மிச்சம் வைக்கவில்லை. நாகேஸ்வரி தலை குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். பேசிக் களைத்த பிறகு பேபி, நாகேஸ்வரி ஊற்றி வைத்த தேத்தண்ணியை எடுத்துக் குடித்தார். பாதிக் கோப்பையில் நிறுத்தினார். எதையோ யோசித்தார். அவர் எதையும் நெடுநேரம் மனதுக்குள் வைத்திருக்கிற ஆளில்லை.

"ஆனால் அக்கா, பிள்ளையள் நல்லாத்தானே இருக்கினம்."

"ஓம்."

"அந்தச் சுமங்கலியள் எடுத்ததுதான் குழம்பினது."

"அதுக்கு நான் என்ன சொல்ல?"

பேபி கதிரையை முன்னால் இழுத்துக் குரலைத் தாழ்த்தினார். "நான் ஒருத்தருக்கும் சொல்லமாட்டன். நீங்கள் அண்டைக்கு மாதிரியே வாங்கோ. அதே பொட்டு, அதே கொடி. மாப்பிள்ளை பகுதியெண்டு நான் சொல்லுறன். ஆருக்குத் தெரியப்போகுது?"

இவ்வளவு நேரமும் ஏச்சை வாங்கிக்கொண்டிருந்த நாகேஸ்வரிக்கு, இதைக் கேட்டதும்தான் கோபம் வந்தது. எங்கிருந்து வந்ததென்று அவருக்கே தெரியாது. பதினொரு வருசமாய் எங்கேயோ கிடந்த கோபம்.

"என்ர கை வேணும். என்ர நெத்தி வேண்டாம். அப்பிடித்தானே பேபி?"

"அக்கா, நான் அப்பிடிச் சொல்லேல்லை..."

"வேசம் போட்டு வரமாட்டன். இந்தக் கை ராசியெண்டால், அது அவர் இருக்கேக்கையும் இதே கை, அவர் போனாப்பிறகும் இதே கை. ராசியில்லையெண்டால், பொட்டு வைச்சு மறைச்சாலும் ராசியில்லை. உந்தப் பழத்தை எடுத்துக்கொண்டு போங்கோ."

சொல்லிவிட்டு நாகேஸ்வரி திடுக்கிட்டுப்போனார். தான் சொன்னதைத் தானே கேட்டுக்கொண்டிருந்தார். இவ்வளவு காலமும், எடுத்தது நானில்லை, பதினேழாம் மேசைக்காரி என்று சாதித்தவர் அவர்தானே? அந்தப் பிள்ளைகள் நன்றாய் வாழ்ந்தது அவள் கழுத்திலிருந்த கவரிங் கொடியாலா? அப்படி ஒரு மனுசியே உலகத்தில் இல்லை. தட்டைப் பிடித்தது இந்தக் கைதான்.

பேபி பழத்தை எடுக்கவில்லை. சப்பாத்தைப் போட வாசலுக்குப் போனார். ஆனால் மேசையில் கிடந்த சஜிதாவின் கலியாண அழைப்பிதழை அவர் எடுத்து வாசித்ததை நாகேஸ்வரி கண்டார். கண்டபிறகு கொடுக்காமல் விடுவது மரியாதை இல்லையே. "விருப்பமெண்டால் வாங்கோ" என்று வாசலில் வைத்துக் கையில் கொடுத்தார்.

அன்று சஜிதா வேலையால் வந்ததும், சப்பாத்துக் கழற்ற முன்னமே, "ஆராத்தி நான் எடுக்கிறன்" என்றார். சஜிதா சப்பாத்தோடேயே ஓடிவந்து கட்டிப்பிடித்தாள். கம்பளம் முழுக்கச் சேறு. ஒருவரும் ஏசவில்லை.

கதை அங்கே முடிந்திருந்தால் நல்லதுதான். ஆனால் ஆராத்தித் தட்டுக்கு இரண்டு பேர் வேண்டுமே. மச்சாள் போனில் நெடுநேரம் சுற்றி வளைத்துக் கதைத்து, கடைசியில் சொன்னார்: "பிழையா நினைக்காதேங்கோ மச்சாள். எனக்கும் பிள்ளையள் இருக்கு." பாக்கியராசா, "சபையில வீண் கதை வேண்டாம் தங்கச்சி, நீ மனசுக்குள்ள நினைச்சு வாழ்த்தினால் போதும்" என்றார். மற்றப் பக்கம் பிடிக்கச் சபையில் ஆராவது வருவார்கள் என்று விட்டாரே தவிர, நாகேஸ்வரி ஒருவரோடும் சண்டை பிடிக்கவில்லை. அவர்களின் பயம் அவருக்குத் தெரியாத பயமா? நேற்று வரை தன்னிடம் இருந்த பயம்தானே.

கலியாணத்தன்று பெரிய மண்டபம், நல்ல கூட்டம். வினோதன் கமெராவோடு நின்றான். இந்தமுறை ஒரு கமெராதான். தாரை வார்த்தாகியது, தாலி கட்டியாகியது, அறுகரிசி போட்டு முடிந்தது. ஐயர் ஆராத்திக்குக் கூப்பிட்டார். நாகேஸ்வரி முன்வரிசையிலிருந்து எழும்பி நடந்தார். நாவல் நிறப் பட்டு, நெற்றியில் திருநீறு, கழுத்தில் அந்த மெல்லிய சங்கிலி. மண்டபத்தில் இரைச்சல் கொஞ்சம் கொஞ்சமாய் அடங்கியது. பாக்கியராசா தலையைக் குனிந்துகொண்டார்.

தட்டை வைத்துக்கொண்டு நின்றது மாப்பிள்ளை பகுதியில் ஒரு பெரிய மனுசி. ஆளை மட்டுக்கட்ட முடியாமல், நெற்றியையும் கழுத்தையும் பார்த்துவிட்டு, நல்ல விதமாய்த்தான் கேட்டா: "பிள்ளை, உங்கட அவர் எங்க?"

எத்தனை மண்டபத்தில் கேட்ட கேள்வி. எத்தனை தரம் சொன்ன பதில். நாக்கு நுனி வரை அந்த வசனம் வந்தது.

"அவர் செத்துப் பதினொரு வருசம்" என்றார் நாகேஸ்வரி. "நான் பொம்பிளையின்ர தாய். தட்டைத் தாங்கோ."

அந்த அம்மா தட்டைக் கொடுத்துவிட்டுப் பின்னால் போனா. நாகேஸ்வரி தட்டின் ஒரு பக்கத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். மற்றப் பக்கம் வெறுமை. தட்டு சரிந்தது. ஐயர் மண்டபத்தைப் பார்த்தார். மண்டபம் மடியைப் பார்த்தது. மணவறையில் சஜிதாவின் கண் நிறைந்து மை கரையத் துவங்கியது.

அப்போது பின்னால் ஒரு கதிரை இழுபட்ட சத்தம். பதினேழாம் மேசையிலிருந்து ஒரு மனுசி சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு விறுவிறென்று வந்தார். பெரிய பொட்டு, தடித்த கொடி, எல்லாம் அசல். பேபி. அவர் மகனின் கலியாணத்துக்கு இன்னும் ஒரு மாதம்தான் இருந்தது. அந்தச் சபையில் பாதிப் பேர் அங்கேயும் வரப்போகிற ஆட்கள்.

"ஆரப்பா நீங்கள்?" என்று ஐயர் கேட்டார்.

"நான் இந்த அக்காவின்ர பகுதி" என்று சொல்லிக்கொண்டு பேபி மற்றப் பக்கத்தைப் பிடித்தார். பிடித்த கை தடதடவென்று நடுங்கியது. ஆனாலும் விடவில்லை.

இரண்டு பேரும் தட்டை உயர்த்தினார்கள். நெருப்புக்கு அங்கால் மகளின் முகம். நாகேஸ்வரி வைத்த கண் வாங்காமல் பார்த்துக்கொண்டு நின்றார்.

"அக்கா, எல்லாரும் பாக்கினம்" என்று பேபி வாய்க்குள் சொன்னார். "என்ன யோசிக்கிறியள்? சுத்துங்கோ."

"உங்கட பக்கத்துத் திரி விழப்போகுது" என்றார் நாகேஸ்வரி. "நேரா பிடியுங்கோ."

பேபி நேராய்ப் பிடித்தார்.